விரல் வழுக்கவில்லை

ஜாஸ் பியானோ கேட்கத் தொடங்க ஓர் ஆல்பம் சொல்லுங்கள் என்று ஒரு வாசகர் கேட்டிருந்தார். அமெரிக்க ஜாஸ் பியானோ கலைஞர் தெலோனியஸ் மங்க் 1956இல் வெளியிட்ட 'தி யூனிக்' ஆல்பத்தைச் சொன்னேன். பதில் வந்தது: "பக்கத்துக் கட்டையையும் சேர்த்து அமுக்குகிறாரே, விரல் வழுக்குகிறதா?"

நியாயமான சந்தேகம். மங்க்கின் சொந்த மெட்டுகள் கடினம் என்று அப்போதே பேச்சு இருந்தது. அதனால் ரிவர்சைட் இசைத்தட்டு நிறுவனத்தின் தயாரிப்பாளர் ஓரின் கீப்நியூஸ், எல்லோருக்கும் தெரிந்த பாட்டுகளையே அவரை வாசிக்க வைத்தார். மொத்தம் ஏழு. ஒலிப்பதிவாளர் ரூடி வான் கெல்டரின் 'ஸ்டூடியோ', நியூ ஜெர்சியில் அவருடைய பெற்றோர் வீட்டு வரவேற்பறை. தெரிந்த பாட்டு என்பதில் ஒரு வசதி உண்டு. அடுத்த ஸ்வரம் எதுவென்று காதுக்கு முன்பே தெரியும். அதோடு அண்டை வீட்டுக்காரரும் வந்து நின்றால் உடனே பிடிபட்டுவிடும்.

சரி, சேர்ந்து வந்தால் என்ன ஆகிறது? பிளஸ் ஒன் பாடத்தில் படித்த விம்மல்கள்தான். அதிர்வெண்கள் சற்றே வேறுபட்டால், அந்த வித்தியாசத்தின் அளவுக்கு நொடிதோறும் ஒலி ஏறி இறங்கும். தம்புராவுக்குச் சுருதி சேர்க்கும்போது கேட்கிற அலைச்சல் இதுவே. (விம்மல்! இந்தக் கலைச்சொல்லைத் தேர்ந்தவர் நிச்சயம் இசை கேட்டவர்.)

பியானோவின் நடு 'சி' 261.6 ஹெர்ட்ஸ். ஒட்டியிருக்கும் கறுப்புக் கட்டை 277.2. நொடிக்குப் பதினைந்து விம்மலுக்குச் சற்று மேல். இந்த வேகத்தில் ஏற்ற இறக்கத்தைக் காதால் எண்ண முடியாது. அது சொரசொரப்பாக மாறிவிடும். தந்தியில் மேல்சுரங்களும், அதாவது அடிப்படை அதிர்வெண்ணின் இரு மடங்கு, மும்மடங்கு என்று போகும் ஒலிகளும், சேர்ந்தே அதிர்கின்றன அல்லவா? இரு மடங்கு ஜோடிக்கு இடையே வித்தியாசம் 31, மும்மடங்கு ஜோடிக்கு 47. நொடிக்கு முப்பது, நாற்பது விம்மல்களில்தான் கரகரப்பு உச்சம் என்று ஜெர்மன் அறிவியலாளர் ஹெல்ம்ஹோல்ட்ஸ் 19ஆம் நூற்றாண்டிலேயே சொல்லிவிட்டார்.

உள்காதில், சுருண்ட நத்தைக்கூட்டுக்குள், சுமார் 35 மில்லிமீட்டர் நீளத்தில் ஒரு சவ்வு இருக்கிறது. ஒவ்வோர் அதிர்வெண்ணுக்கும் அதில் ஓர் இடம். இரண்டு ஸ்வரங்களின் இடங்கள் ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டருக்குள் நெருங்கிவிட்டால் காதால் அவற்றைச் சுத்தமாகப் பிரிக்க முடிவதில்லை. அந்தத் தள்ளுமுள்ளுதான் கரகரப்பு.

432 ஹெர்ட்ஸ் இசை நோய் தீர்க்கும் என்று வாட்ஸ்அப்பில் அனுப்புகிறவர்கள், இந்த ஒரு மில்லிமீட்டர் அதிசயத்தையும் அனுப்பினால் கோடி புண்ணியம்.

ஜாஸுக்கு வேரான புளூஸ் இசையில், பாடகர்கள் இரண்டு கட்டைகளுக்கு நடுவே உள்ள ஸ்வரத்தைத் தொட்டுப் பாடுவார்கள். வீணை என்றால் தந்தியை இழுத்துப் பிடித்துவிடலாம், பியானோவில் வழியில்லை. மங்க் இரண்டையும் ஒன்றாக அடிக்கிறார். சில நேரம் அடித்த கையோடு ஒரு விரலை மட்டும் எடுத்துவிடுவார். கம்பளித் திண்டு அந்தத் தந்தியில் விழுந்து அதை அடக்கும். கரகரப்பு சட்டென்று மறைந்து, எஞ்சிய ஸ்வரம் துடைத்து வைத்ததுபோல் நிற்கும். எனக்கு இந்த ஆளைப் பிடித்ததே இந்தக் கணத்துக்காகத்தான்.

வீட்டில் ஹார்மோனியம் இருந்தால் அடுத்தடுத்த இரண்டு கட்டைகளை அமுக்கி, ஒன்றை மட்டும் விட்டுப் பாருங்கள். அப்புறம் அந்த ஆல்பத்தில் 'டீ ஃபார் டூ' பாட்டை இன்னொரு முறை போடுங்கள்.