கேஸ் முடியட்டும் என்று வண்டியை விட்டுவிடாதீர்கள்

போன வாரம் என் வக்கீல் ஆபீசுக்கு ஒரு அம்மா வந்தார். செய்தித்தாளில் கத்தரித்த துண்டு ஒன்றை மேஜையில் வைத்து விரலால் நீவினார். மதுவிலக்கு வழக்குகளில் பிடிபட்ட வாகனங்களுக்கு ஆயுதப்படை மைதானத்தில் பொது ஏலம் என்ற அறிவிப்பு. "இதுல எங்க வண்டியும் போயிடுமா சார்?"

வண்டி டாடா ஏஸ், நம் பக்கத்துப் பேச்சில் குட்டி யானை. தவணை இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. புதுச்சேரியில் காய்கறி இறக்கிவிட்டுத் திரும்பிய டிரைவர், காலி கிரேட்டுகளுக்கு அடியில் இரண்டு பெட்டி பாட்டில் ஏற்றிக்கொண்டு வந்து கடலூர் ஆல்பேட்டை சோதனைச்சாவடியில் மாட்டினார். அது நடந்து ஏழு மாதம் ஆகிறது. இத்தனை நாள் என்னம்மா செய்தீர்கள் என்று கேட்டேன். "டிரைவருக்கு பெயில் கெடைச்சிடுச்சு சார். கேஸ் முடிஞ்சா வண்டி தானா வந்துடும்னு சொன்னாங்க."

இந்த ஒரு வாக்கியத்தை எத்தனை பேர் வாயில் கேட்டுவிட்டேன்! அதனால்தான் இதை எழுதுகிறேன்.

தானாக வராது. பிடிபட்ட ஒரே வண்டி இரண்டு தண்டவாளத்தில் ஓடுகிறது. ஒன்று, கோர்ட்டில் நடக்கும் கிரிமினல் வழக்கு. இன்னொன்று, பறிமுதல் நடவடிக்கை. 1937ஆம் ஆண்டின் தமிழ்நாடு மதுவிலக்குச் சட்டம் 14(4) பிரிவின்படி, அதிகாரம் பெற்ற அதிகாரி ஒருவரே வண்டியைப் பறிமுதல் செய்து உத்தரவு போடலாம். அவர் உங்கள் கேஸ் முடியும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. டிரைவர் பெயிலில் வந்தது வேறு, வண்டி வருவது வேறு. டிரைவர் அபராதம் கட்டினாலும் அப்படித்தான். நாளைக்கே அவர் விடுதலையானாலும், அதற்குள் வண்டி ஏலத்தில் போயிருந்தால் அதை எடுத்தவர் வீட்டு வாசலில் போய் நின்று கேட்க முடியுமா?

பறிமுதலுக்கு முன்னால் உங்களுக்கு நோட்டீஸ் வரும். உங்கள் தரப்பைச் சொல்லச் சட்டம் கொடுக்கும் வாய்ப்பு அதுதான். அந்த அம்மாவுக்கும் வந்திருக்கிறது. கோர்ட் சம்மன் என்று நினைத்து, வாய்தா தேதியில் பார்த்துக்கொள்ளலாம் என்று மகன் டிவிக்குப் பின்னால் செருகி வைத்துவிட்டான். டிரைவர் செய்தது எனக்குத் தெரியாது, வாடகை ஒப்புக்கொண்டது காய்கறிக்குத்தான், இதோ மண்டிச் சீட்டு என்று எழுத்தில் பதில் கொடுத்திருக்கலாம். வாயால் ஸ்டேஷனில் போய் அழுததற்குக் கணக்கு கிடையாது.

இதோடு கூடவே, வழக்கு நடக்கும்போதே வண்டியைத் திருப்பிக் கேட்டுக் கோர்ட்டிலும் மனு போட வேண்டும். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 451ஆம் பிரிவு. 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டத்தில் அது 497. (ஜூனியர்களே, பழைய மனுவை நகலெடுக்கும்போது எண்ணை மாற்றுங்கள்.) பறிமுதல் நடவடிக்கை தொடங்கிவிட்டது என்பதாலேயே மாஜிஸ்திரேட்டின் கை கட்டப்பட்டுவிடாது. ஆனால் பறிமுதல் உத்தரவே வந்துவிட்டால், அந்த உத்தரவை எதிர்த்துத் தனியாகப் போராட வேண்டும். செலவும் அலைச்சலும் பல மடங்கு. கைப்பற்றிய வண்டிகளை ஸ்டேஷனில் நீண்ட நாள் போட்டு வைப்பதில் பயனில்லை, தக்க பிணை வாங்கிக்கொண்டு உடனே உத்தரவிடுங்கள் என்று சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2002லேயே சொல்லிவிட்டது. அந்தக் குட்டி யானையைப் போய்ப் பார்த்தேன். கண்ணாடியில் வெள்ளைப் பெயிண்டில் குற்ற எண். பேட்டரி இல்லை. பின் டயர் இரண்டும் ரிம் வரைக்கும் மண்ணில்.

மனு யார் பெயரில்? ஆர்.சி.யில் யார் பெயர் இருக்கிறதோ அவர் பெயரில். '29, 30ல (பெயர் மாற்றும் படிவங்கள்) கையெழுத்து வாங்கிட்டேன், பேர் மட்டும் மாத்தல' என்று வருபவர்களுக்கு நான் என்ன செய்ய? பழைய ஓனரைத் தேடி அழைத்து வர வேண்டும். அவர் பயந்துகொண்டு வரமாட்டார். செகண்ட் ஹேண்டில் வாங்கினால் முதல் வேலையாகப் பெயரை மாற்றுங்கள். வண்டியை விற்றவர்களுக்கும் சொல்கிறேன், பெயர் மாறாதவரை நோட்டீஸ் உங்கள் வீட்டுக்குத்தான் வரும்.

ஆர்.சி., இன்சூரன்ஸ், ஆதார், எஃப்.ஐ.ஆர். நகல், கடன் இருந்தால் அதன் பேப்பர், எல்லாம் எடுத்து வாருங்கள். வண்டியை விடும்போது கோர்ட் பெரும்பாலும் அசல் ஆர்.சி.யை வாங்கி வைத்துக்கொள்ளும், ஜாமீன்தாரர் கேட்கும், விற்கவோ உருமாற்றவோ கூடாது என்று எழுதி வாங்கும். கூப்பிட்ட அன்று வண்டியோடு போய் நிற்க வேண்டும். அதை மீறினால் அடுத்த முறை யாரும் உதவ முடியாது. 'ஸ்டேஷன்ல பேசி எடுத்துத் தரேன்' என்பவரிடம் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள்.

2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் கள்ளச்சாராயத்தால் அத்தனை உயிர் போனபிறகு தண்டனையைக் கடுமையாக்கிச் சட்டத்தைத் திருத்தியிருக்கிறார்கள். கடத்துகிறவனிடம் இரக்கம் காட்டச் சொல்லி நான் கேட்கவில்லை. வண்டியைப் பிறர் கையில் கொடுத்துவிட்டு வீட்டில் இருக்கிற ஓனர்களுக்குத்தான் இது. இரவல் கொடுக்கும் முன் யோசியுங்கள். டிரைவரிடம், புதுச்சேரி போனால் ஒரு பாட்டில்கூட வண்டியில் ஏறக்கூடாது என்று கறாராகச் சொல்லுங்கள்.

அந்த அம்மாவின் வண்டிக்கு இன்னும் பறிமுதல் உத்தரவு வரவில்லை என்று விசாரித்ததில் தெரிந்தது. மனு போட்டிருக்கிறோம், நோட்டீசுக்கும் தாமதமாகவாவது பதில் அனுப்பிவிட்டோம். அதிலும் ஒரு சிக்கல். நோட்டீஸ் எந்தத் தேதியில் கைக்கு வந்தது என்று காட்ட எங்களிடம் ஒன்றுமில்லை, தபால் கவரை அன்றைக்கே கிழித்துப் போட்டிருக்கிறார்கள். தயவுசெய்து கவரையும் பத்திரமாக வையுங்கள். முத்திரைத் தேதி எனக்கு வேண்டும்.