கயிறு நசுக்கும் நரம்பு

வலியே இல்லாமல் வலது மணிக்கட்டு தொங்கிப்போன நிலையில் என்னிடம் வந்த ஒருவர், சம்மதத்தோடு கயிற்றால் கட்டப்பட்டிருந்ததைச் சொல்ல நெடுநேரம் தயங்கினார். நரம்பியல் மருத்துவராக நான் அறிய விரும்பியதோ, கயிறு கையின் எந்த இடத்தில், எவ்வளவு நேரம் இருந்தது என்பதைத்தான்.

ஜப்பானியக் கயிற்றுக்கட்டுக் கலையை உலகம் ஷிபாரி என்று அழைக்கிறது. 'கட்டுதல்' என்பதே அச்சொல்லின் பொருள். இறுகக் கட்டுதலைக் குறிக்கும் கின்பாகு என்ற பெயரும் அங்கே உண்டு. எடோ காலத்தில் (1603–1868) கைதிகளைக் கட்டப் பயன்பட்ட ஹோஜோஜுட்சு என்னும் போர்க்கலையோடு இதைத் தொடர்புபடுத்துவார்கள். காமமும் அழகுணர்வும் கலந்த கலையாக இது உருப்பெற்றதில் ஓவியர் இட்டோ செய்யூவுக்குப் (1882–1961) பெரும்பங்கு உண்டு. வயதுவந்த இருவரின் முழுச் சம்மதத்தோடு, பெரும்பாலும் 6 மில்லிமீட்டர் தடிமனுள்ள சணல் கயிற்றால் நிகழும் இக்கலையில், முடிச்சின் நேர்த்தியைவிட, கட்டப்படுபவரின் மூச்சையும் தசையின் இறுக்கத்தையும் கயிற்றின் வழியே உணர்வதையே தேர்ந்தவர்கள் மேலாக மதிக்கிறார்கள். படங்களைப் பார்த்துப் பழகுபவர்களுக்கு எட்டாமல் போவது இந்தக் கவனம்தான் என்பது என் கவலை.

கைகளை முதுகுக்குப் பின்னால் மடித்து, மேற்கைகளையும் மார்பையும் சேர்த்துச் சுற்றும் டக்காட்டே கோட்டே என்ற கட்டில்தான் ஆபத்து மிகுதி. மணிக்கட்டை நிமிர்த்தும் தசைகளை இயக்குவதும் மேற்கை எலும்பைச் சுற்றி இறங்குவதுமான ரேடியல் நரம்பு, மேற்கையின் நடுப்பகுதிக்கும் முழங்கைக்கும் இடையே வெளிப்புறத்தில் போதிய தசைப் பாதுகாப்பின்றி எலும்பை ஒட்டிச் செல்வதால், அங்கே விழும் கயிறு அதை எலும்போடு வைத்து நசுக்கிவிடுகிறது; உடலைத் தொங்கவிட்டால் எடையும் அதோடு சேர்ந்துகொள்ளும். கை நீலம் பாய்வது இரத்தவோட்டத்தைப் பற்றிய செய்தி. நரம்போ நிறம் மாறாத கையிலும், வலியோ மரமரப்போ இல்லாமலும் சேதமடையக்கூடும். ஆகவே இடையிடையே மணிக்கட்டைப் பின்னோக்கி நிமிர்த்தச் சொல்லுங்கள். கட்டைவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் இடைப்பட்ட புறங்கைத் தோலில் தொடு உணர்ச்சி இருக்கிறதா என்று கேளுங்கள். வலு சிறிது குறைந்தாலும் அந்த நொடியே கட்டை அகற்ற வேண்டும். அதற்கென மழுங்கிய முனையுள்ள கத்தரிக்கோல் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கட்டும். கழுத்தில் கயிறு படவே கூடாது, கட்டப்பட்டவரைத் தனியே விட்டுச் செல்லவும் கூடாது.

நரம்பின் உறை மட்டும் பழுதானால் சில வாரங்களில் தேறும். உள்ளிழை அறுந்துபோனால் நாளொன்றுக்கு ஏறத்தாழ 1 மில்லிமீட்டர் வீதமே வளரும் என்பதால் மாதங்கள் ஆகும். அதுவரை மணிக்கட்டை நிமிர்த்தி வைக்கும் பட்டையும் பயிற்சியும் தேவை. நடந்ததை மறைத்தால் மருத்துவர் வேறு காரணங்களைத் தேடி நாள்களை வீணாக்க நேரும். என்னிடம் வந்தவர் உண்மையைச் சொன்னார். ஏழாவது வாரத்தில் அவரது மணிக்கட்டு மெல்ல நிமிர்ந்தது.