எந்தக் காதுக்கு எந்தக் குரல்?

எழுத்தைப் பேச்சாக மாற்றும் மென்பொருளில் குரலைத் தேர்ந்தெடுக்கும்போது, மனிதர் பேசுவதைப் போலவே ஒலிப்பதுதான் சிறந்தது என்று நம்மில் பெரும்பாலோர் எண்ணுகிறோம். ஆனால், கேட்பவர் யார், எதற்காகக் கேட்கிறார் என்பதையே முதலில் பார்க்க வேண்டும்.

கணினித் திரையில் உள்ளதைப் படித்துச் சொல்லும் மென்பொருளான திரைவாசிப்பான்களில், பார்வையற்றோர் பலர் பயன்படுத்தும் என்விடிஏ-வுடன் ஈஸ்பீக் என்ற சிறிய மென்பொருளும் சேர்ந்தே வருகிறது. அதன் குரல் தகரத்தில் தட்டியதுபோல் இருக்கும். ஆனால், தொண்டையிலும் வாயிலும் எழும் ஒத்ததிர்வுகளைப் பெரும்பாலும் கணக்கிட்டே அது ஒலியை உண்டாக்குவதால், விசையை அழுத்தியதுமே எழுத்து காதில் விழுகிறது. வேகத்தை இரண்டு, மூன்று மடங்கு கூட்டினாலும் பழகிய காதுக்குச் சொற்கள் குழையாமல் கேட்கின்றன. நாள் முழுவதும் கோப்புகளைப் படித்தாக வேண்டியவருக்கு இனிமையைவிட இதுவே பெரிது.

நாவலை மணிக்கணக்கில் கேட்பவரின் தேவை வேறு. கூகுளைச் சேர்ந்த செயற்கை நுண்ணறிவு நிறுவனமான டீப்மைண்ட் 2016-இல் வெளியிட்ட வேவ்நெட் என்ற குரல் உருவாக்கும் முறை, நொடிக்கு 16,000 ஒலித்துளிகளை, முந்தைய துளிகளைக் கொண்டு அடுத்ததைக் கணித்து, ஒவ்வொன்றாக உருவாக்கியது. அதன் வழியில் வந்த நரம்பியல் வலைப்பின்னல் குரல்கள் ஏற்ற இறக்கத்தையும் மூச்சு விடும் இடத்தையும் மனிதப் பதிவுகளிலிருந்தே கற்பதால், நெடுநேரம் கேட்டாலும் சலிப்பதில்லை.

தமிழில் இன்னொரு சிக்கல் உண்டு. ‘பாவம்’ என்ற ஒரே எழுத்துக்கூட்டு, இரக்கத்தையோ தீவினையையோ சொல்லும்போது வல்லோசையுடனும், நடனக் கலைஞரின் முகபாவத்தைச் சொல்லும்போது மெல்லிய ஓசையுடனும் ஒலிக்க வேண்டும். ‘பல்’லுக்கும் ‘பஸ்’ஸுக்கும் முதலெழுத்து ஒன்றே, ஒலி வேறு. எழுத்தை மட்டும் பார்க்கும் மென்பொருள் இங்கே தடுமாறும். சொல்லையும் சூழலையும் பார்ப்பதே தப்பிக்கும். குரல் எவ்வளவு இனியதாக இருந்தாலும் இப்பிழையை மறைக்க முடியாது.

முதியவர்களுக்குக் குரல் தேடுவோர் கூடுதல் கவனம் கொள்ள வேண்டும். வயதாகும்போது உயர் அதிர்வெண் ஒலிகளே முதலில் மங்குகின்றன. ‘ஸ’, ‘ஷ’ போன்ற உரசொலிகளின் வலுவில் பெரும்பகுதி அங்கேதான் இருக்கிறது. ஆகவே, ஒலியளவை மட்டும் கூட்டுவதைவிட, சற்றே தாழ்ந்த சுருதியில், தொடருக்குத் தொடர் இடைவெளி விட்டுப் பேசும் குரல் அவர்களுக்கு உதவும். மாதிரிக்குக் கதை எதையும் படிக்கச் சொல்லாமல், ஒரு மருந்துச் சீட்டைக் கொடுத்துப் பாருங்கள். ‘500 மி.கி., 1-0-1’ என்பதைக் காலையில் ஒன்று, மதியம் இல்லை, இரவில் ஒன்று என்று விளங்கிக்கொள்ளும்படி நிறுத்திப் படிக்கிறதா, அல்லது நடுவிலுள்ள கோடுகளைக் கழித்தல் குறியாக எடுத்துக்கொள்கிறதா என்பது ஒரே வரியில் தெரிந்துவிடும்.