ஹேரோஸ்: கல்லறையில் இருக்கும் ஹீரோ

கி.மு. 429இல் பிளாட்டையா என்ற சிறிய கிரேக்க நகரைத் தாக்கப் படையோடு வந்து நிற்கிறான் ஸ்பார்ட்டா அரசன் ஆர்க்கிடாமோஸ். சண்டையைத் தொடங்கும் முன் சாட்சிக்குச் சிலரைக் கூப்பிடுகிறான்: பிளாட்டையா மண்ணைக் காக்கும் தெய்வங்களே, ஹேரோஸ்களே! கிரேக்க வரலாற்றாசிரியர் துசிடிடிஸ் இதை எழுதிவைத்திருக்கிறார். ‘ஹேரோஸ்’ என்ற அந்தக் கிரேக்கச் சொல்லைத் தமிழில் எப்படி எழுதுவது? ‘தெய்வங்களே, வீரர்களே’ என்றால் தன் படையைப் பார்த்துப் பேசுகிறான் என்று ஆகிவிடும். ‘நாயகர்களே’ என்றால் சிரிப்பு வரும். அவன் கூப்பிட்டது உயிரோடு இருக்கும் யாரையும் அல்ல, அந்த மண்ணில் புதைந்து கிடப்பவர்களை.

நம் ‘ஹீரோ’ இந்த ஹேரோஸின் பேரன்தான். லத்தீன், பிரெஞ்சு, ஆங்கிலம் என்று கைமாறி வந்தது. கதையின் முதன்மை ஆண் பாத்திரம் என்ற பொருள் ஆங்கிலத்தில் 17ஆம் நூற்றாண்டில்தான் ஒட்டிக்கொண்டது. அந்தப் பொருளோடுதான் சினிமா அதை நம்மிடம் கொண்டுவந்து சேர்த்தது. ‘ஹீரோயின்’ என்பதும் பழைய சொல்தான். கிரேக்கத்தில் வழிபாடு பெற்ற பெண்களுக்கு ஹேரோயினே என்று பெயர். ஸ்பார்ட்டாவுக்குப் பக்கத்தில் தெராப்னே என்ற இடத்தில் ஹெலனுக்கும் அவள் கணவன் மெனெலாவோசுக்கும் கோயில் இருந்தது.

சொல்லின் வேர் எது என்பதில் தகராறு உண்டு. ‘காப்பவன்’ என்று பொருள் வரும்படி லத்தீனின் ‘செர்வாரே’ (காத்தல்) என்ற வினையோடு முன்பு முடிச்சுப் போட்டார்கள். கேட்க நன்றாகத்தான் இருந்தது. அப்புறம் கிரேக்கத்தின் பழைய பைலோஸ் அரண்மனையின் களிமண் பலகைகள் வந்து குழப்பிவிட்டன. 1939இல் தோண்டி எடுக்கப்பட்ட இவற்றின் எழுத்தை 1952இல் மைக்கேல் வென்ட்ரிஸ் படித்துக் காட்டினார். அதில் ‘திரிசெரோ’, அதாவது ‘மும்மடங்கு ஹேரோஸ்’ என்று ஒருவருக்குப் பொற்கிண்ணம் படைத்த கணக்கு இருக்கிறது. ஏறக்குறைய கி.மு. 1200ஐ ஒட்டிய பதிவு அது. ‘செர்வாரே’யோடு உறவு இருந்தால் அந்தச் சொல்லுக்குள் ஒரு வகர ஒலி இருந்தாக வேண்டும். பலகையில் அது இல்லை. எனவே இது கிரேக்கர்கள் வருவதற்கு முன்பே அங்கே வழங்கிய சொல்லாக இருக்கலாம் என்கிறார்கள். ஹேரா தேவியின் பெயரோடு சேர்த்துப் பார்ப்பவர்களும் உண்டு. வேர் எதுவானாலும், படையல் வாங்குகிறவர் என்ற நிலை அந்தச் சொல்லுக்கு ஹோமருக்குப் பல நூற்றாண்டு முன்பே வந்துவிட்டது.

ஹோமரிடம் போனால் வேறு காற்று வீசுகிறது. அங்கே ஹேரோஸ் உயிரோடு இருக்கிறான், சாப்பிடுகிறான், சண்டை போடுகிறான். அக்கிலீசும் ஹேரோஸ், பெயர் தெரியாத படையாளும் ஹேரோஸ். ஒடிசியில் கண் தெரியாத பாணன் தெமோதோகோசைக்கூட அப்படித்தான் சொல்கிறார். எனவே ‘வீரன்’ என்பது இங்கேயே முழுதாகப் பொருந்தாது, பாணன் வாளெடுக்கவில்லையே. மதிப்புக்குரிய ஆண்மகன் என்பதுதான் பொருள். இதற்குத் தமிழில் அருமையான ஒரு பழைய சொல் இருக்கிறது: சான்றோன். ‘சான்றோன் ஆக்குதல் தந்தைக்குக் கடனே’ என்ற புறநானூற்று வரியைப் பள்ளியில் படித்தபோது, மகனைப் படித்தவனாக்கச் சொல்கிறார்கள் என்றுதான் நினைத்தேன். அடுத்தடுத்த வரிகளில் வேலும் வாளும் களிறும் வருகின்றன. அங்கே சான்றோன் போர்க்களத்துப் பெருமகன். என்ன செய்வது, இன்று அந்தச் சொல் சால்வை போர்த்திக்கொண்டு மேடையில் உட்கார்ந்துவிட்டது. ஹோமர் மொழிபெயர்ப்பில் போட்டால் யாருக்கும் புரியாது.

பழங்கிரேக்கக் கவிஞர் ஹெசியட் மனித குலத்தை ஐந்து யுகங்களாகப் பிரித்து, வெண்கல யுகத்துக்கும் இரும்பு யுகத்துக்கும் நடுவே ஹேரோஸ்களுக்கென்று ஒரு யுகம் வைத்தார். தீப்சிலும் டிராயிலும் மாண்டவர்கள் அவர்கள். ‘ஹெமிதெயோய்’, அரைத்தெய்வங்கள், என்றும் அவர்களைச் சொல்கிறார். இதை வைத்துக்கொண்டு ஹேரோஸ் என்றாலே தெய்வத்துக்கும் மனிதருக்கும் பிறந்தவர் என்று எழுதிவிடுகிறார்கள். கும்பிடப்பட்ட பலரின் அப்பா அம்மா இருவருமே சாதாரண மனிதர்கள்.

சொல்லின் உயிர் வழிபாட்டில்தான் இருக்கிறது. தெய்வம் எங்கும் இருக்கும், ஹேரோஸ் ஓர் ஊரில் இருப்பார். அவர் எலும்பு கிடக்கும் இடம் எதுவோ அதுதான் அவர் ஊர், அதற்குத்தான் அவர் காவல். அதனால் எலும்பைக் கொண்டுபோனால் காவலும் கூடவே போகும். தெகேயா நகரைப் போரில் வெல்ல முடியாத ஸ்பார்ட்டாக்காரர்களிடம், பழங்கதை நாயகன் ஒரெஸ்தெசின் எலும்பைக் கொண்டுவரச் சொன்னது டெல்பி, குறி சொல்லும் கோயில். தெகேயாவில் ஒரு கொல்லர் கிணறு தோண்டும்போது ஏழு முழச் சவப்பெட்டி ஒன்றைப் பார்த்தாராம். விஷயம் தெரிந்த ஸ்பார்ட்டாக்காரர் தந்திரமாக அந்த இடத்தை வாடகைக்குப் பிடித்து எலும்பை எடுத்துப் போய்விட்டார் என்கிறார் வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ். ஏதென்சும் சும்மா இல்லை. கி.மு. 475 வாக்கில் அதன் தளபதி கிமோன் ஸ்கைரோஸ் தீவிலிருந்து பழங்கதை அரசன் தெசேயுசின் எலும்பு என்று ஒன்றைக் கப்பலில் கொண்டுவந்தார்.

படைப்பதற்கும் தனிச் சொல் இருந்தது. தெய்வத்துக்குப் பலியிட்டு இறைச்சியைப் பகிர்ந்து உண்பது ‘தூஎய்ன்’. இறந்தவருக்குப் படைத்து விட்டுவிடுவது ‘எனகிசெய்ன்’. நாம் ஹெர்குலிஸ் என்று அறிந்த ஹெராக்ளீசுக்கு இரண்டும் நடந்தது: ஒரு கோயிலில் ஒலிம்பிய தெய்வமாக, இன்னொன்றில் ஹேரோசாக. போகிஸ் நாட்டின் துரோனிஸ் என்ற இடத்தில் பலியின் ரத்தத்தைத் துளை வழியாகச் சமாதிக்குள்ளேயே ஊற்றினார்கள் என்கிறார் பயண நூல் எழுதிய பவுசானியாஸ். ஆனால் கல்வெட்டுகளைப் பார்த்தால், பெரும்பாலான ஹேரோஸ் கோயில்களில் இறைச்சியைச் சமைத்துச் சாப்பிட்டுத்தான் வந்திருக்கிறார்கள். சாப்பாட்டு மேசையிலிருந்து கீழே சிந்தியதை எடுக்கக் கூடாது, அது ஹேரோஸ்களுக்கு உரியது என்று ஒரு நம்பிக்கை. இரவில் அவர்கள் கோயிலைக் கடக்கும்போது வாய் திறக்காமல் போவார்கள். பயம்தான்.

நல்லவராக இருக்க வேண்டும் என்ற நிபந்தனையும் கிடையாது. அஸ்தைபலையா தீவின் குத்துச்சண்டைக்காரன் கிளெயோமெதெஸ் ஒலிம்பிக்கில் எதிராளியைக் கொன்றுவிட்டான். நடுவர்கள் பரிசைப் பறித்தார்கள். புத்தி பேதலித்து ஊர் திரும்பியவன் பள்ளிக்கூடத்தின் தூணைப் பிடுங்கினான். கூரை விழுந்து சுமார் அறுபது பிள்ளைகள் இறந்தார்கள். ஊரார் கல்லோடு துரத்த, அதீனா கோயிலுக்குள் ஓடி ஒரு பெட்டிக்குள் புகுந்து மூடிக்கொண்டான். உடைத்துப் பார்த்தால் பெட்டி காலி. டெல்பியில் கேட்டபோது வந்த பதில்: அவன்தான் ஹேரோஸ்களில் கடைசி ஆள், இனி மனிதன் இல்லை, பலியிட்டுக் கும்பிடுங்கள். இந்தக் கதைக்குப் பிறகு ‘மாவீரன்’ என்று எழுதக் கை வருமா?

கடைசி ஆள் என்று டெல்பி சொன்னாலும் வரிசை நிற்கவில்லை. கி.மு. 422இல் இறந்த ஸ்பார்ட்டா தளபதி பிராசிதாசுக்கு அம்ஃபிபோலிஸ் மக்கள் ஊருக்குள்ளேயே சமாதி கட்டி ஆண்டுதோறும் பலியும் போட்டிகளும் நடத்தினார்கள். நகரத்தை நிறுவியவர்களுக்கும் இதே மரியாதை, கிரீனி நகரில் அதை நிறுவிய பத்தோசின் சமாதி சந்தை வெளியிலேயே இருந்தது. பிற்காலத்தில் சொல் மலிந்துபோய், சாதாரணக் குடும்பத்துக் கல்லறையிலும் பெயரோடு ஹேரோஸ் என்று வெட்டினார்கள். நாம் ‘தெய்வத்திரு’ போடுவது போல.

சரி, தமிழில் என்ன? நாயகன் என்பது நடத்திச் செல்பவன். சினிமாவுக்கும் காப்பியத்துக்கும் அது போதும். வழிபாட்டைப் பேசும்போது நமக்கு நடுகல் இருக்கிறது. காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுதல், பெரும்படை, வாழ்த்து என்று கல் நட்டுக் கும்பிடும் முறையையே தொல்காப்பியம் வரிசைப்படுத்துகிறது. அதியமானின் கல்லுக்கு மயிற்பீலி சூட்டிக் கள்ளை ஊற்றுவதைப் பாடி ஔவையார் அழுகிறார். இரண்டுக்கும் வரலாற்றுத் தொடர்பு இருப்பதாக நான் சொல்லவில்லை. கிரேக்கருக்கு எலும்பு முக்கியம், நமக்குக் கல். இறந்தவர் ஊர்க்காவலாக மாறுவதுதான் ஒன்றுபோல இருக்கிறது.

நடுகல் கல்வெட்டுகளே ஆளுக்கும் ஒரு சொல் தருகின்றன. ‘தொறு மீட்டுப் பட்டான் கல்’ என்று முடிபவை ஏராளம். தொறு என்றால் மாட்டு மந்தை. பட்டான் என்றால் இறந்தான், பட்ட மரம் என்கிறோமே அதே வினை. காவிரிக் கரை ஊர்களில் இன்றும் பட்டவன் கோயில்கள் உண்டு, படையலும் உண்டு. போரில்தான் சாக வேண்டும் என்ற கட்டாயம் வேரில் இல்லாததால் பத்தோசும் இதில் அடங்குவார், பாவம் செய்த கிளெயோமெதெசும் அடங்குவான். எனக்கு இதுவே பிடித்திருக்கிறது. கட்டுரைகளில் ‘நடுகல் தெய்வம்’ என்று எழுதுவதையும் தவறென்று சொல்ல மாட்டேன், கொஞ்சம் நீளம், அவ்வளவுதான்.

ஆர்க்கிடாமோசை இப்போது கூப்பிடச் சொல்லலாம்: பிளாட்டையா மண்ணைக் காக்கும் தெய்வங்களே, பட்டவர்களே!