சப்சிடியாரிட்டி: துணைமை நெறி

கத்தோலிக்கச் சமூகப் போதனையைப் பற்றிப் பினாங்கில் தமிழில் பேச உட்கார்ந்தால், ‘சப்சிடியாரிட்டி’ என்ற சொல்லில்தான் பேச்சு முதலில் தடுக்கும். காதில் விழுந்ததும் பலருக்கு நினைவுக்கு வருவது ‘சப்சிடி’, அதாவது பெட்ரோலுக்கும் சமையல் எண்ணெய்க்கும் அரசாங்கம் தரும் மானியம். கம்பெனியில் கணக்கு பார்ப்பவர்களுக்குத் தாய் நிறுவனத்தின் கீழ் இயங்கும் துணை நிறுவனம் தோன்றும். மூன்றும் ஒரே வேரில் பிறந்தவைதான். ஆனால் நாம் பேச வந்தது வேறு: சிறியவர் தாமே செய்யக்கூடியதைப் பெரியவர் எடுத்துக்கொள்ளக் கூடாது, முடியாதபோது துணை நிற்க வேண்டும் என்னும் நெறி.

வேர்ச்சொல் லத்தீனில் ‘சப்சிடியும்’. ரோமானியப் படையின் முன்வரிசை போரிடும்போது பின்னால் அமர்ந்து காத்திருக்கும் படைக்கு அந்தப் பெயர். பழந்தமிழில் முன்னே போவதைத் தூசிப்படை என்றும் பின்னே நிற்பதைக் கூழை என்றும் சொன்னார்களே, அந்தக் கூழைக்கு நெருங்கியது. முன்னால் நிற்பவர்கள் தளர்ந்தால் அது களத்தில் இறங்கும். அதுவரை இடத்தைப் பிடுங்காது.

இந்தச் சொல்லைத் திருச்சபையின் அரசியல் சிந்தனைக்குள் நிலைநிறுத்தியவர் திருத்தந்தை பதினொன்றாம் பயஸ். தொழிலாளர் நிலை பற்றிப் பதின்மூன்றாம் லியோ 1891-இல் எழுதிய சுற்றுமடலின் 40-ஆம் ஆண்டு நினைவாக, 1931-இல் அவர் ஒரு சுற்றுமடல் வெளியிட்டார். இத்தாலியில் முசோலினியின் ஆட்சி கத்தோலிக்க இளைஞர் சங்கங்களைக்கூடக் கலைத்த ஆண்டு அது. தனி ஆளோ, குடும்பமோ, ஊர்ச் சங்கமோ தானே செய்யக்கூடிய வேலையை மேலே உள்ள பெரிய அமைப்பு எடுத்துக்கொள்வது அநீதி என்றது அந்த மடல். நிர்வாகக் குறை என்று சொல்லவில்லை, அநீதி என்றே சொன்னது. சிறியவர்களால் முடியாதபோது பெரியவர் உதவ வேண்டும். உதவுகிறேன் என்று விழுங்கிவிடக் கூடாது. 1992-இல் கையெழுத்தான மாஸ்ட்ரிக்ட் உடன்படிக்கை வழியாக ஐரோப்பிய ஒன்றியமும் இதே சொல்லை ஏற்றுக்கொண்டது.

கருத்து இன்னும் பழையது. காலை முதல் மாலைவரை ஒற்றை ஆளாக வழக்குத் தீர்த்துக்கொண்டிருந்த மோசேயிடம், ஆயிரம் பேருக்கும் நூறு பேருக்கும் ஐம்பது பேருக்கும் பத்துப் பேருக்கும் தலைவர்களை வை, பெரிய வழக்கு மட்டும் உன்னிடம் வரட்டும் என்று மாமனார் எத்திரோ சொன்னது யாத்திராகமம் 18-இல் இருக்கிறது.

சரி, இது நம் ஊருக்கு எதற்கு? ஜார்ஜ் டவுனில் 1951-இலேயே மக்கள் தங்கள் நகர மன்ற உறுப்பினர்களை வாக்குப் போட்டுத் தேர்ந்தெடுத்தார்கள். 1957-இல் அது மாநகரானபோது முதல் மேயராக வந்தவர் டி.எஸ். இராமநாதன். 1965-இல் இந்தோனேசியாவுடனான மோதலைக் காரணம் காட்டி நாடு முழுவதும் ஊராட்சி மன்றத் தேர்தல்கள் நிறுத்தப்பட்டன. ஆதி நாகப்பன் தலைமையிலான அரச விசாரணை ஆணையம் தேர்தல் திரும்ப வேண்டும் என்றே பரிந்துரைத்தது. 1976-ஆம் ஆண்டுச் சட்டம் அந்தக் கதவை மூடியது. பினாங்கு மாநிலம் 2012-இல் தேர்தலுக்காகத் தனிச் சட்டம் இயற்றியது. 2014-இல் கூட்டரசு நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. இன்று மன்ற உறுப்பினர்களை மாநில அரசே நியமிக்கிறது. தெருவில் கால்வாய் அடைத்துக்கொண்டால் நாம் போய் நிற்கும் மன்றத்தில் நம் வாக்குக்கு நேரடி இடமில்லை. துணைமை நெறியை நம்புகிற கிறிஸ்தவருக்கு இது கட்சி அரசியல் அல்ல. நீதியைப் பற்றிய கேள்வி. கோயில் முற்றத்தில் இதைப் பேசக் கூச்சப்பட வேண்டியதில்லை என்பது என் எண்ணம்.

அப்புறம், இந்தச் சொல்லைத் தலைகீழாகப் பிடிப்பவர்களும் உண்டு. ‘உங்கள் ஆட்களை நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள், அரசாங்கத்திடம் வராதீர்கள்’ என்பதற்கு இதைச் சாக்காக்குவார்கள். அது தவறு. நம் தமிழ்ப்பள்ளிகளில் பல பகுதி அரசு உதவி பெறுபவை. ஆசிரியருக்கு அரசு சம்பளம் தரும். கட்டடச் சுமையில் பெரும்பகுதி பள்ளி வாரியத்தின் தலையில். கூரை ஒழுகி வாரியத்தால் சமாளிக்க முடியாதபோது விலகி நிற்பதும் இந்த நெறியை மீறுவதுதான். உதவியைக் காட்டி வாரியத்தையே ஓரங்கட்டுவதும் மீறுவதுதான்.

சீர்திருத்தச் சபைகளில், நெதர்லாந்தின் இறையியலாளர் ஆபிரகாம் கைப்பர் 1880-இல் பேசிய ‘துறைதோறும் இறையாண்மை’ இதற்குப் பக்கத்து வீடு. அங்கே குடும்பமும் பள்ளியும் அரசும் மேல் கீழ் என்றில்லாமல் அருகருகே நிற்கும், ஒவ்வொன்றும் கடவுளுக்கு நேராகப் பதில் சொல்லும்.

தமிழில் என்ன சொல்லலாம்? ‘அதிகாரப் பரவல்’ பொருந்தாது. மேலே இருப்பவர் தம்முடையதைக் கீழே பங்கிட்டுத் தருகிறார் என்ற தொனி அதில் இருக்கிறது; இந்த நெறியிலோ பொறுப்பு முதலிலேயே கீழே இருக்கிறது. ‘துணைநிலைக் கோட்பாடு’ பரவாயில்லை, ஆனால் துணையமைச்சர், துணைத்தலைவர் என்று கேட்டுப் பழகிய நமக்குத் ‘துணைநிலை’ என்றால் அடுத்த படி என்றே படும். ‘துணைமை நெறி’யில் அந்தக் குழப்பம் குறைவு. துணை நிற்பது இங்கே பெரியவரின் வேலை: குடும்பத்துக்கு அன்பியம் (அக்கம்பக்கத்துக் கத்தோலிக்கக் குடும்பங்களின் சிறு குழு), அன்பியத்துக்குப் பங்கு (ஒரு கோயிலைச் சேர்ந்த மக்கள் முழுவதும்), ஊருக்கு மாநிலம், மாநிலத்துக்குக் கூட்டரசு. எழுதும்போது முதல் தடவை ‘துணைமை நெறி என்னும் சப்சிடியாரிட்டி’ என்று சேர்த்து எழுதிவிட்டு, பிறகு துணைமை நெறி என்றே தொடரலாம்.