கோன்சோ: தமிழில் என்ன சொல்வது?

அமெரிக்க வயதுவந்தோர் படத் துறையில், படம்பிடிப்பவரே காட்சிக்குள் ஓர் ஆளாகவும் இருக்கும் பாணிக்குக் கோன்சோ என்று பெயர். கேமராவைப் பிடித்திருப்பவர் பேசுவார். எதிரில் இருப்பவர் லென்ஸைப் பார்த்தே பதில் சொல்வார். கதையோ எழுதிய வசனமோ இருக்காது.

சொல் இதழியலில் பிறந்தது. 1970இல் அமெரிக்க எழுத்தாளர் ஹன்டர் தாம்ப்சன் கென்டகி குதிரைப் பந்தயம் பற்றித் தன்னையே உள்ளே நிறுத்தி எழுதிய கட்டுரையை, பாஸ்டன் பத்திரிகையாளர் பில் கார்டோசோ கோன்சோ என்று அழைத்தார். இத்தாலிய மொழியில் இச்சொல்லுக்கு ஏமாளி என்று பொருள். அதுதான் வேரா என்பதில் அறிஞர்களுக்குள் ஒத்த கருத்து இல்லை.

1989 வாக்கில் ஜான் ஸ்டாலியானோ போன்றோர் இப்பாணியைப் படத்துக்குக் கொண்டுவந்தனர். கையடக்க வீடியோ கேமராதான் வழி திறந்தது. 16 மி.மீ. பிலிமில் 400 அடிச் சுருள் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். சிறு கேசட்டோ 2 மணி நேரம் ஓடும். ஒலிப்பதிவாளரும் விளக்காளரும் தேவைப்படவில்லை. குறைகளும் உடன் வந்தன: கேமராவிலேயே உள்ள மைக்கில் பிடிப்பவரின் மூச்சும் மோட்டார் இரைச்சலும் ஏறும், கேமரா மேல் விளக்கு முகத்தைத் தட்டையாக்கும், ஆள் நகர்ந்தால் தானியங்கிக் குவியம் (ஆட்டோஃபோகஸ்) தடுமாறும். பார்வையாளர்கள் இந்தக் குறைகளையே நம்பகத்தின் அடையாளமாக எடுத்துக்கொண்டனர்.

இங்கேதான் மொழிபெயர்ப்பாளர் வழுக்குகிறார். நிஜமாகவே நடந்ததுபோல் தோன்றும் இத்தகைய படங்களின் பாணியை ஆங்கிலத்தில் ‘ரியாலிட்டி’ என்பார்கள்; அதைக் கண்டதும் ‘உண்மைப் படம்’ என்று எழுதிவிடக் கூடாது. தற்செயலாகச் சந்தித்ததுபோல் தெரியும் காட்சிக்குப் பின்னாலும் ஒப்பந்தம், கூலி, வயதுச் சான்று எல்லாம் உண்டு. சான்றைச் சரிபார்த்துப் பதிவேட்டில் வைக்கச் சொல்கிறது அமெரிக்கச் சட்டத் தொகுப்பு 18, பிரிவு 2257. தோற்றத்தை நம்புவது ஆபத்தும்கூட. ‘புதுமுகம்’ என்று விற்ற ஒரு தளம், காணொளி இணையத்தில் வராது என்று பொய் சொல்லிப் பெண்களை நடிக்கவைத்தது. 2020 ஜனவரியில் சான் டியேகோ நீதிமன்றம் 22 பெண்களுக்கு ஏறத்தாழ 1.28 கோடி டாலர் வழங்கத் தீர்ப்பளித்தது.

ஆகவே ரியாலிட்டி பாணிக்கு ‘மெய்த்தோற்றப் பாணி’ பொருந்தும். ‘மெய்ந்நிகர்’ வேண்டாம், அது விஆர் (வர்ச்சுவல் ரியாலிட்டி) தொழில்நுட்பத்துக்கு நிலைத்துவிட்டது. கோன்சோவுக்குக் ‘களம்புகு பாணி’ என்பதே எங்கள் பரிந்துரை; ‘களம்புகு இதழியல்’ என்று மூலப் பொருளுக்கும் அதே சொல் நிற்கும்.