ஜுசெப்பே எப்படி பெப்பே ஆனார்?

கால்பந்துப் பயிற்சியாளர் பெப் கார்டியோலாவின் முழுப்பெயர் ஜோசெப் என்று படித்த வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார்: “ஸ்பெயினின் கத்தலோனியாவில் ஜோசெப் பெப் ஆகிறார். இத்தாலியில் ஜுசெப்பே பெப்பே ஆகிறார். பெயரின் தலையை விட்டுவிட்டு வாலைப் பிடித்துக் கூப்பிடுவது ஏன்? அந்த வாலும் ‘செப்பே’தானே, ‘பெப்பே’ எங்கிருந்து வந்தது?”

விடை மனித வாயின் அமைப்பில் இருக்கிறது. ஆனால் பெயர் புறப்பட்ட ஊரிலிருந்து தொடங்கினால்தான் அது பிடிபடும்.

எபிரேயத்தில் இந்தப் பெயர் யோசேஃப். ய், ஸ், ப் என்ற மூன்று மெய்கள் அதன் வேர். பொருள் ‘கூட்டுதல், மேலும் சேர்த்தல்’. ஆதியாகமம் 30:24-இல் ராகேல் தன் மகனுக்கு இந்தப் பெயரை வைக்கும்போதே காரணத்தையும் சொல்லிவிடுகிறாள்: கர்த்தர் எனக்கு இன்னொரு மகனையும் கூட்டித் தரவேண்டும். யெஹோசேஃப் என்ற நீண்ட வடிவமும் உண்டு. 81ஆம் சங்கீதத்தில் அது வருகிறது. 1990-இல் ஜெருசலேமில் கிடைத்த ஒரு கல் எலும்புப்பேழையிலும் ‘யெஹோசேஃப் பர் கயாஃபா’ (கயாஃபாவின் மகன் யெஹோசேஃப்) என்று கீறியிருக்கிறது.

இந்தப் பெயருக்குச் செல்லச் சுருக்கம் அப்போதே இருந்தது. இயேசுவின் சகோதரர்களில் ஒருவரை மாற்கு 6:3 ‘யோசே’ என்கிறது. அதே மனிதரை மத்தேயு 13:55-இன் பழைய கிரேக்கப் பிரதிகள் சில ‘யோசேப்பு’ என்று முழுப்பெயரால் குறிக்கின்றன. அன்றைய யூதர்கள் பெயரின் கடைசி மெய்யைக் கழற்றினார்கள். பிற்கால இத்தாலியர்கள் முதல் அசையைக் கழற்றினார்கள்.

எபிரேயத்திலிருந்து கிரேக்கத்துக்குப் போனபோது கடைசி ஒலிக்கு கிரேக்கர்கள் தங்கள் ‘ஃபை’ எழுத்தைப் போட்டார்கள். இன்று அந்த எழுத்து ‘ஃப்’ என ஒலிக்கிறது. அன்று அது காற்றைத் தள்ளிச் சொல்லும் ‘ப்’, இந்திக்காரர்கள் பழத்தைச் சொல்லும் சொல்லின் முதல் ஒலி மாதிரி. லத்தீன் மக்கள் வாயில் காற்று கழன்று வெறும் ‘ப்’ ஆனது. கன்னத்தில் அறைவதைக் குறித்த ‘கோலஃபோஸ்’ என்ற கிரேக்கச் சொல் இத்தாலியனில் ‘கொல்போ’ (அடி) ஆனதும் இதே வழியில்தான். படித்தவர்கள் பிற்காலத்து ‘ஃப்’ உச்சரிப்பை வைத்துக்கொண்டார்கள். அதனால் இத்தாலியில் ஜொசெஃபோ என்ற இரட்டைப் பிறவியும் உண்டு. 16ஆம் நூற்றாண்டின் இசைக் கோட்பாட்டாளர் ஜொசெஃபோ ட்ஸார்லீனோ அந்த வடிவத்தைத் தாங்கியவர்.

முதல் எழுத்து மாறியதைச் சட்டென்று சொல்லிவிடலாம். ‘ய்’ சொல்லும்போது நாக்கின் நடுப்பகுதி அண்ணத்தை நெருங்குகிறது, தொடுவதில்லை. சொல்லின் தொடக்கத்தில் அழுத்திச் சொன்னால் இடைவெளி குறுகி உராய்வு எழுகிறது. இன்னும் அழுத்தினால் தொட்டு விலகி ‘ஜ்’ ஆகிறது. லத்தீன் யூலியுஸ் ஜூலியோ ஆனதும், யோஹன்னெஸ் ஜொவான்னி ஆனதும் இப்படித்தான். அழுத்தம் விழாத ‘ஒ’ சில சொற்களில் ‘உ’வாகக் குறுகும் பழக்கத்தில் ‘ஜொ’ ‘ஜு’ ஆனது.

அடுத்தது நடுவிலுள்ள இரட்டை ‘ப்ப’. எபிரேயத்திலும் கிரேக்கத்திலும் ஒற்றை மெய்யாக இருந்தது இங்கே ஏன் இரட்டித்தது? இத்தாலியச் சொற்கள் பெரும்பாலும் உயிரில் முடியும். மெய்யில் முடியும் அயல்சொல் வந்தால் கடைசியில் ஓர் உயிரை ஒட்டவேண்டும். ஒட்டினால் ஒரு சிக்கல். இத்தாலியனில் அழுத்தம் விழும் அசை, சொல்லின் நடுவில், உயிரோடு முடிந்தால் அந்த உயிர் நீளும். ‘யோசெப்’ என்பதோடு ‘எ’யை மட்டும் ஒட்டியிருந்தால் ‘ஜுசேபே’ என்று இழுபட்டிருக்கும். மூலத்தில் மெய்யால் அடைபட்டிருந்த அசையை அடைபட்டபடியே காக்க ஒரே வழி மெய்யை இரட்டிப்பது. ஒரு ‘ப்’ முன்னசையை அடைக்கும், மற்றது புதிய உயிரைத் தாங்கும். இது பழங்காலத்தோடு முடிந்துபோன விதி அல்ல. டிராம் வண்டி வந்தபோது மத்திய இத்தாலியின் டஸ்கனி மக்கள் ‘திராம்மே’ என்றார்கள். பார் ‘பார்ரே’ ஆனது.

எபிரேயப் பெயர்களை வரிசையாக வைத்தால் தமிழ் வாசகர் நிமிர்ந்து உட்காருவார். இத்தாலியனில் இசாக்கோ, ஜுசெப்பே, எலிசபெத்தா, ஜுதித்தா. தமிழ் விவிலியங்களில் ஈசாக்கு, யோசேப்பு, எலிசபெத்து, யூதித்து. இரண்டு மொழிகளும் கடைசியில் உயிரை ஒட்டின, இரண்டும் மெய்யை இரட்டித்தன. ஆனால் இரட்டித்த காரணம் வேறு. தமிழில் இரண்டு உயிர்களுக்கு நடுவே ஒற்றைப் பகரம் வந்தால் அது தானாக அதிர்ந்து மென்மையாகிவிடும். யாக்கோபில் அந்த மென்மை வேண்டும், ஒற்றை ‘பு’ போட்டார்கள். யோசேப்பில் வன்மை வேண்டும், ‘ப்பு’ போட்டார்கள். இத்தாலியன் உயிரின் நீளத்தைக் கட்டுப்படுத்த இரட்டிக்கிறது. தமிழ் மெய்யின் வன்மையைக் காக்க இரட்டிக்கிறது. மொழியியலில் உருவ ஒற்றுமையைக் கண்டதும் உறவு கொண்டாடக் கூடாது என்பதற்கு இதைவிட நல்ல பாடம் கிடைப்பது அரிது.

இப்போது வெட்டு. தமிழில் பெயரின் முதல் அசைக்குத்தான் கனம் அதிகம். அதனால் சுப்பிரமணியன் சுப்பு, வெங்கடராமன் வெங்கு என்று முன்பக்கத்தைப் பிடிக்கிறோம். இத்தாலியனில் அழுத்தம் பெரும்பாலும் கடைசிக்கு முந்தைய அசையில் விழுகிறது. ஜுசெப்பேயில் ‘செப்’. தூரத்திலிருந்து கூப்பிடும்போது காதில் விழுவது அந்த அசையும் அதற்குப் பின் வருவதும். ஆகவே வெட்டு அழுத்தத்துக்கு முன்னால் விழுகிறது: அலெஸ்ஸாந்த்ரோ சாந்த்ரோ, லொரென்ட்ஸோ ரென்ட்ஸோ, அந்தோனியோ தோனியோ, ஜொவான்னி வான்னி. அதே கணக்கில் ஜுசெப்பே ‘செப்பே’ ஆகவேண்டும். ஜெர்மனியின் பவேரியாவிலும் ஆஸ்திரியாவிலும் யோசெஃப்களைக் கூப்பிடும் ‘செப்’ அந்த நிலையிலேயே நின்றுவிட்ட வடிவம். ஃபிஃபா என்ற உலகக் கால்பந்துச் சம்மேளனத்தின் தலைவராக இருந்த செப் பிளாட்டரின் பெயர் அதுதான்.

‘ஸ்’ ‘ப்’ ஆக மாறியது கடைசிப் படி. இந்தக் கட்டுரையில் நான் மிகவும் ரசிக்கும் இடமும் இதுதான். ‘ஸ்’ சொல்ல நாக்கு நுனியைப் பல் ஈறுக்கு அருகே கொண்டுபோய், நடுவில் ஒரு மெல்லிய பள்ளம் வைத்து, அந்த வழியாகக் காற்றை விடவேண்டும். நாக்கு கொஞ்சம் கூடுதலாக உயர்ந்தால் காற்று அடைபடும், தாழ்ந்தால் சீற்றம் கலையும். ‘ப்’ சொல்ல இரண்டு உதடுகளையும் மூடித் திறந்தால் போதும். அதனால் குழந்தைகளுக்கு ‘ப்’ முதலிலேயே வருகிறது, ‘ஸ்’ பிந்தி வருகிறது. ‘செப்பே’ என்ற ஒரே சொல்லில் நாக்கு ஒரு வேலையும் உதடு இன்னொரு வேலையும் செய்யவேண்டும். குழந்தை சிக்கனம் பிடிக்கிறது: சொல்லில் எந்த மெய் வலுவானதோ அதையே இரண்டு இடத்திலும் போடுகிறது. ‘செப்பே’யில் வலுவானது இரட்டித்த ‘ப்ப’. வரப்போகும் அந்த ஒலிக்காக உதடுகள் முன்கூட்டியே மூடிக்கொள்கின்றன, ‘செப்பே’ ‘பெப்பே’ ஆகிறது. மொழியியலார் இதை மெய்யிசைவு என்பார்கள். எந்த மொழி பேசும் வீட்டிலும் இரண்டு வயதுக் குழந்தையிடம் இதைக் கேட்கலாம். குழந்தை சொன்னதைப் பெரியவர்கள் கொஞ்சலாகத் திருப்பிச் சொல்ல, அது வீட்டுப்பெயராகி, பிறகு ஊர்ப்பெயராகிறது.

இது ஒரே ஒரு பெயருக்காகச் சோடித்த விளக்கமா என்று சோதித்துப் பார்க்கவேண்டும் அல்லவா? ஃபிலிப்போவை வெட்டினால் ‘லிப்போ’, மெய்யிசைவு சேர்ந்தால் ‘பிப்போ’. பிரான்செஸ்கோ: ‘செஸ்கோ’, பிறகு ‘கெக்கோ’. லுயீஜி ‘ஜீஜி’. குல்யெல்மோ ‘மெம்மோ’. நான்கும் இத்தாலியில் வழங்கும் பெயர்கள். ஒவ்வொன்றிலும் பின்னால் இருக்கும் மெய் முன்னுக்கு வந்து உட்கார்ந்திருக்கிறது. எல்லாப் பெயரிலும் இது நடந்தே தீரும் என்பதில்லை. ரென்ட்ஸோவும் சாந்த்ரோவும் வெட்டோடு நின்றுவிட்டார்கள். ஆனால் மாற்றம் நடக்கும்போது இந்தப் பாதையில் நடக்கிறது.

வட்டாரத்துக்கு வட்டாரம் முடிவு மாறுகிறது. நேப்பிள்ஸிலும் தெற்கிலும் வன்மையான ‘ப’வோடு பெப்பே. டஸ்கனியிலும் வடக்கிலும் முதல் ஒலி ‘கம்பு’ என்பதில் வரும் ‘ப’ போல அதிர்ந்து ஒலிக்கும். தமிழ் எழுத்தில் இரண்டுக்கும் வேறுபாடு காட்ட முடியாது, காதில்தான் பிடிக்கவேண்டும். வெனிஸ் பேச்சில் இரட்டை மெய்யே கிடையாது, அங்கே அதிரும் ‘ப’வோடு ‘பெபி’. டஸ்கனியில் இன்னொரு வெட்டும் உண்டு: முதல் மெய்யை வைத்துக்கொண்டு நடுவை மட்டும் உருவி ‘ஜெப்போ’ ஆக்குவது. பினோக்கியோ கதையில் வரும் மரவேலைக்காரர் ஜெப்பெத்தோவின் பெயர் அதன் செல்ல வடிவம்.

ஸ்பெயினில் யோசேப்பு ‘ஹொசே’ ஆகிறார். அந்த ஹொசேக்களை ‘பெப்பே’ என்பதற்கு ஒரு பிரபலமான கதை சொல்வார்கள். புனித யோசேப்பு இயேசுவின் வளர்ப்புத் தந்தை. லத்தீனில் ‘பாத்தெர் புத்தாத்தீவுஸ்’. படங்களின் கீழே அதன் முதலெழுத்துகளாக ‘P. P.’ என்று எழுத, ஸ்பானியர்கள் அதை ‘பெ பெ’ என்று வாசிக்க, அதுவே பெயரானதாம். கேட்க அழகு. ஆனால் இந்தக் கதை உண்மையானால் கெக்கோவுக்கும் ஜீஜிக்கும் தனித்தனியாக லத்தீன் தொடர் தேடவேண்டும். வாலை மட்டும் வைத்துக்கொண்ட பவேரிய ‘செப்’பும் விளங்காது. பிரான்சிஸ்கோ ‘பாக்கோ’ ஆனதற்கும் இதே அச்சில் ஒரு முதலெழுத்துக் கதை உண்டு என்பதிலேயே அதன் தரம் தெரிகிறது. ஒரே ஒரு சொல்லை மட்டும் விளக்கிவிட்டுப் பக்கத்துச் சொல்லுக்கு உதவாத விளக்கத்தை நம்பக் கூடாது. நம் ஊரில் எண்கணிதம் பார்த்துப் பெயரில் எழுத்தைக் கூட்டுகிறவர்களுக்கும் இதையே சொல்வேன். பெயரின் ஒலி மாற விதிகள் உண்டு, அவற்றைச் சோதித்துப் பார்க்க முடியும். எழுத்துக்கு எண் வைத்துப் பலன் சொல்வதைச் சோதித்தால் ஒன்றும் நிற்பதில்லை.

இந்த விதிகள் நமக்குத் தெரியவந்தது யாரோ கிராமம் கிராமமாகப் போய் எழுதியதால். யாபெர்க், யுட் என்ற இரண்டு சுவிஸ் அறிஞர்கள் இத்தாலி, தென் சுவிட்சர்லாந்து வட்டார மொழிகளின் வரைபடத் தொகுதியை 1928 முதல் 1940 வரை எட்டுத் தொகுதிகளாக வெளியிட்டார்கள். அவர்கள் பதிவு செய்த பேச்சு பல ஊர்களில் இன்று மங்கிவிட்டது. வட்டார வழக்கைப் பதிவதற்கு உடனடி வருமானம் வராது என்று நிதியை நிறுத்துவது பெரிய தவறு. பேசுகிறவர் போனபின் எத்தனை கோடி கொடுத்தாலும் அந்த ஒலி திரும்பாது.

இத்தனை பெப்பேக்கள் எப்படிப் பெருகினார்கள்? இடைக்கால மேற்கு ஐரோப்பாவில் யோசேப்பு பக்தி பெரிதாக இல்லை. 15ஆம் நூற்றாண்டில் சியெனாவின் பெர்னர்தீனோ போன்றவர்கள் அதைப் பரப்பினார்கள். அதே நூற்றாண்டில் போப் நான்காம் சிக்ஸ்துஸ் மார்ச் 19-ஐ யோசேப்பின் திருநாளாக ரோமத் திருவிழா நாட்காட்டியில் சேர்த்தார். 1621-இல் அது கட்டாயத் திருநாள் ஆனது. 1870-இல் ஒன்பதாம் பயஸ் யோசேப்பைத் திருச்சபை முழுமைக்கும் பாதுகாவலராக அறிவித்தார். பெயரும் கூடவே ஏறியது. தெற்கில் முதல் மகனுக்கு அப்பாவழித் தாத்தா பெயர் வைப்பது வழக்கம். அண்ணன் தம்பி நான்கு பேர் தங்கள் தலைமகனுக்கு ஜுசெப்பே என்று வைத்தால் ஒரே முற்றத்தில் நான்கு ஜுசெப்பே. பிரித்துக் கூப்பிட விகுதிகள் உதவின: பெப்பே, பெப்பீனோ, பெப்பூச்சோ, பீனோ.

இசையமைப்பாளர் ஜுசெப்பே வெர்டி 1813-இல் பிறந்தபோது அந்தப் பகுதி பிரெஞ்சு ஆட்சியில் இருந்ததால் அரசுப் பதிவேட்டில் ‘ஜோசெஃப் ஃபொர்த்யுனேன் ஃபிரான்சுவா’ என்று பிரெஞ்சிலேயே எழுதினார்கள்.

ஜுசெப்பே ஒருவர் நம் இலக்கியத்துக்குள்ளும் வந்தார். 1680-இல் காஸ்திலியோனே தெல்லே ஸ்திவியேரே என்ற ஊரில் பிறந்த கொஸ்தான்ட்ஸோ ஜுசெப்பே பெஸ்கி, நமக்கு வீரமாமுனிவர். அவர் 3,615 பாடல்களில் தேம்பாவணி பாடியது தன் பெயருக்குரிய புனித யோசேப்பைப் பற்றித்தான். காப்பியத் தலைவனுக்கு ‘வளன்’ என்று பெயரிட்டார். ராகேல் சொன்ன ‘கூட்டுதல்’ என்ற பொருளை எடுத்து, பெருக்கத்தைக் குறிக்கும் ‘வளம்’ என்பதிலிருந்து செய்த பெயர் அது. ஊர்மக்களின் ‘சூசை’ வேறு வழியில் வந்தது. போர்த்துக்கீசியர் ‘ஜொசே’ என்று எழுதி ‘ஜுசே’ போலச் சொன்னதை, ஜகரம் இல்லாத தமிழ் சகரத்தில் வாங்கிக்கொண்டது. முஸ்லிம் வீடுகளின் யூசுப்பும் அதே ய்-ஸ்-ப் வேர்தான்.

செல்லப்பெயரிலிருந்து முழுப்பெயரைக் கண்டுபிடிக்கும்போது கவனம் வேண்டும். பிப்போ என்றால் ஃபிலிப்போதான் என்று முடிவுகட்டிவிட முடியாது. கால்பந்து வீரர் பிப்போ இன்ட்ஸாகி ஃபிலிப்போ. சிசிலியில் பிறந்த தொலைக்காட்சித் தொகுப்பாளர் பிப்போ பௌதோ ஜுசெப்பே. அரசு ஆவணத்தில் இது பிசகினால் தொல்லை. இத்தாலிய வரி அடையாள எண்ணில் முதற்பெயரின் மெய்களிலிருந்து மூன்று எழுத்து எடுப்பார்கள். மெய்கள் நான்குக்குக் குறையாமல் இருந்தால் இரண்டாவதை விட்டுவிட்டு ஒன்று, மூன்று, நான்கு. ஜுசெப்பேயின் மெய்கள் ஜி, எஸ், பி, பி. எஸ் விழுந்து ஜி-பி-பி என்று வரும். செல்லப்பெயரையே படிவத்தில் எழுதினால் முதல் எழுத்து மாறிப்போய், எண் பதிவேட்டோடு ஒத்துவராது.